கண்ணை வெட்டும் படமா, ஒட்டகம் இழுக்கும் பிணவண்டியா?

கல்லூரியில் படிக்கும் தம்பி ஒருவர் போன மாதம் போன் செய்தார். அவர்கள் துறையில் புதிதாகத் திரைப்படக் கழகம் தொடங்கியிருக்கிறார்கள். ஒரு புரொஜெக்டர், ஒரு வகுப்பறை, மாலை நான்கரையிலிருந்து ஆறு மணி வரை நேரம். கையிருப்பு அவ்வளவுதான்.

"அண்ணா, சர்ரியலிசத்துக்குன்னு ஒரு நாள் வைக்கலாம்னு இருக்கோம். எல்லாரும் அந்தக் கண்ணை வெட்டுற படத்தைத்தான் சொல்றாங்க. அதையே போட்டுரலாமா?"

"போடுங்க தம்பி. ஆனா அதை முதல்ல போடாதீங்க" என்றேன். ஏன் என்று கேட்டார். போனில் கோவையாகச் சொல்ல வரவில்லை. இதே கேள்வியை இதற்கு முன்னும் சிலர் கேட்டிருக்கிறார்கள். ஒருவர் ஓவியக் கல்லூரி மாணவி, இன்னொருவர் கவிதை எழுதுபவர், மற்றொருவர் இரவில் தூக்கம் வராமல் லேப்டாப்பில் எதையாவது பார்க்கிறவர். மூவருக்கும் ஒரே பதிலைச் சொல்ல முடியாது என்பதால் உட்கார்ந்து எழுதிவிடுகிறேன்.

சர்ரியலிசம் என்பது, தர்க்கத்தை ஒதுக்கிவிட்டுக் கனவின் போக்கில் கலை செய்யப் பார்த்த இயக்கம். அதற்காக நான்கு குறும்படங்களை எடுத்துக்கொள்கிறேன். நான்கும் 1924 முதல் 1929 வரை பிரான்சில் எடுக்கப்பட்ட மௌனப்படங்கள்.

ஆந்த்ராக்ட் (இடைவேளை), 1924, ரெனே க்ளேர் இயக்கியது. லா கொக்கீ எ லெ க்ளெர்ஜிமன் (சிப்பியும் பாதிரியும்), 1928, ஜெர்மைன் துலாக் இயக்கியது. லெத்வால் தெ மெர் (நட்சத்திர மீன்), 1928, மான் ரே இயக்கியது. கடைசியாக, தம்பி சொன்ன, எல்லோருக்கும் தெரிந்த, கண்ணை வெட்டும் படம்: அன் ஷியன் ஆந்தாலு (ஓர் அந்தலூசிய நாய்), 1929, லூயி புனுவெல் இயக்கியது.

கறாராகப் பார்த்தால் முதல் படத்தை இந்தப் பட்டியலில் சேர்க்கக் கூடாது. அந்த இயக்கத்தின் தலைவரான கவிஞர் ஆந்த்ரே பிரெத்தோனின் சர்ரியலிச அறிக்கை 1924 அக்டோபரில்தான் வந்தது. ஆந்த்ராக்ட் அதே ஆண்டு டிசம்பரில் திரைக்கு வந்தாலும் அதை எழுதிய ஓவியர் பிரான்சிஸ் பிக்காபியா அப்போது பிரெத்தோனோடு சண்டையில் இருந்தார். அது தாதாயிசப் படம் (சர்ரியலிசத்துக்கு முன்பே வந்த, கலையையே கேலி செய்த இயக்கம்) என்பார்கள். சரி, இருக்கட்டும். பெரியப்பா வீட்டுப் பிள்ளையைக் குடும்பப் போட்டோவில் நிற்கவைப்பதில்லையா, அந்த மாதிரி சேர்த்துக்கொள்கிறேன்.

## எதை வைத்து அளப்பது?

எது உயர்ந்த படம் என்ற கேள்விக்குள் நான் போகவில்லை. முதலில் எதைப் பார்ப்பது என்பதுதான் கேள்வி. அதற்கு நான் ஐந்து விஷயங்களைப் பார்க்கிறேன்.

முதலாவது, பக்கத்தில் யார் உட்கார்ந்திருக்கிறார்கள் என்பது. தனியாகப் பார்க்கும்போது ஒன்றும் செய்யாத காட்சி, நாற்பது பேர் நடுவில் சங்கடப்படுத்தும். இதற்கு நேர்மாறாகவும் நடக்கும். கூட்டத்தில் சிரிப்பை அள்ளும் காட்சி தனியறையில் சப்பென்று கிடக்கும்.

இரண்டாவது, அர்த்தம் தேடும் பழக்கத்தை அந்தப் படம் எவ்வளவு சீக்கிரம் கழற்றிவிடுகிறது என்பது. நாம் எல்லோருமே கதை கேட்டு வளர்ந்தவர்கள். திரையில் ஒருவன் கதவைத் திறந்தால் உள்ளே யார் இருக்கிறார் என்றுதான் மனம் போகும். அந்தக் கேள்வி தானாக உதிர்ந்தால்தான் இந்தப் படங்கள் பிடிபடும்.

மூன்றாவது இசை. மௌனப்படம் என்றாலும் அந்தக் காலத்திலும் சத்தமில்லாமல் பார்த்தவர்கள் குறைவு. நான்காவது பிரதி: ஓடும் வேகம், டைட்டில் கார்டுகளின் (காட்சிகளுக்கு நடுவில் வரும் எழுத்துகளின்) மொழி, படத்தின் தெளிவு. ஐந்தாவது நீளம். இதைத்தான் எல்லோரும் முதலில் கேட்கிறார்கள், எனக்கு இது கடைசி. நாற்பது நிமிடப் படம் கனமாக இருப்பதற்கு நிமிடக் கணக்கு காரணமில்லை.

## ஓர் அந்தலூசிய நாய்: பெயர் வாங்கிய படம்

படத்தில் நாயும் கிடையாது, ஸ்பெயினின் தென்பகுதியான அந்தலூசியாவும் கிடையாது. இதை முன்கூட்டியே சொல்லிவிட்டால் திரையிடல் முடிந்ததும் வரும் கேள்விகளில் பாதி குறைந்துவிடும்.

இரண்டு கனவுகளிலிருந்து பிறந்த படம் இது. நிலவை ஒரு மேகக் கீற்று அறுத்துக்கொண்டு போவதை, சவரக்கத்தி கண்ணை அறுப்பது போலக் கனவில் கண்டதாகப் புனுவெல் சொல்ல, உள்ளங்கையில் எறும்புகள் மொய்க்கும் கனவை ஓவியர் சல்வதோர் தாலி சொன்னார். ஸ்பெயினில் ஃபிகேரஸ் ஊரில் தாலியின் வீட்டில் இருந்தபடி ஒரு வாரத்துக்குள் எழுதி முடித்தார்கள். ஒரே ஒரு விதி வைத்துக்கொண்டார்கள்: அறிவால் விளக்கம் சொல்லக்கூடிய எந்தப் பிம்பமும் உள்ளே வரக் கூடாது. பணம் புனுவெலின் அம்மா கொடுத்தது. 1929 ஜூன் 6 அன்று பாரிஸின் உர்சுலின் தியேட்டரில் முதல் காட்சி. கூட்டம் அடிக்க வந்தால் திருப்பி எறிய இருக்கட்டும் என்று பை நிறையக் கல்லோடு திரைக்குப் பின்னால் கிராமபோனை இயக்கிக்கொண்டிருந்தார் புனுவெல். கூட்டம் கைதட்டியது. கற்களை அங்கேயே போட்டுவிட்டுப் போனாராம். பிறகு ஸ்டூடியோ 28 தியேட்டரில் எட்டு மாதம் ஓடியது.

இவ்வளவு சிறப்பு இருந்தும் நான் ஏன் இதை முதலில் போடாதே என்கிறேன்?

பிரச்சினை அந்தக் கண்தான். படம் தொடங்கி இரண்டு நிமிடத்துக்குள் அது வந்துவிடுகிறது. சிகரெட்டை வாயில் வைத்துக்கொண்டு சவரக்கத்தி தீட்டும் ஆள் புனுவெலேதான். பால்கனிக்குப் போகிறார், நிலவைப் பார்க்கிறார், நாற்காலியில் இருக்கும் பெண்ணின் கண்ணிமையை விரிக்கிறார். மேகம் நிலவைக் கடக்கிறது. அப்பாடா, தப்பித்தோம், உருவகத்தோடு விட்டுவிட்டார்கள் என்று நாம் மூச்சுவிடும் நொடியில் வெட்டு விழுகிறது. அது செத்த கன்றின் கண். தெரிந்திருந்தாலும் உடம்பு கேட்காது.

நண்பர்கள் சிலரோடு ஒருமுறை இதைப் பார்த்தோம். முடிந்ததும், "கண்ணுக்கு அப்புறம் என்ன வந்தது, வரிசையா சொல்லுங்க பார்ப்போம்" என்று கேட்டேன். எறும்பு மொய்க்கும் கை ஒருவருக்கு நினைவிருந்தது. சைக்கிளில் வரும் ஆளின் கழுத்தில் தொங்கும் கோடு போட்ட பெட்டி யாருக்கும் நினைவில்லை. கயிற்றில் கட்டிய இரண்டு பியானோக்களை ஒருவன் இழுத்துக்கொண்டு வருகிறான். அவற்றின் மேல் செத்த கழுதைகள், பின்னால் கயிற்றோடு இழுபட்டுத் தரையில் வரும் இரண்டு பாதிரிகள், அதில் ஒருவர் தாலி. இதைக்கூட ஒருவர் "அப்படி ஒண்ணு வந்துச்சா?" என்றார். முதல் இரண்டு நிமிடம் மீதிப் படத்தைத் தின்றுவிட்டது.

இன்னொரு சிக்கலும் இருக்கிறது. இந்தப் படத்தின் எடிட்டிங் சாதாரணக் கதைப்படத்தின் எடிட்டிங்தான். கதவு திறக்கிறது, அடுத்த ஷாட்டில் ஆள் உள்ளே வருகிறான். ஜன்னல் வழியாகப் பார்க்கிறாள், அடுத்த ஷாட்டில் தெரு. இலக்கணம் சரியாக இருப்பதால் பொருளும் இருக்கும் என்று மூளை நம்பிவிடுகிறது. டைட்டில் கார்டுகளும் சேர்ந்து ஏமாற்றும். "ஒரே ஒரு ஊரில்" என்ற மாதிரி தொடங்கி, "எட்டு ஆண்டுகளுக்குப் பிறகு", "அதிகாலை மூன்று மணியளவில்" என்று போகும். "பதினாறு ஆண்டுகளுக்கு முன்" என்று ஒரு கார்டு வந்த பிறகும் அதே அறையில் அதே ஆட்கள் விட்ட இடத்திலிருந்து தொடர்கிறார்கள். இதன் கிண்டலை ரசிக்க, கதைப்படத்தைக் கிண்டல் செய்கிறார்கள் என்ற புரிதல் முன்பே வேண்டும். இல்லாவிட்டால் பார்வையாளர் விடுகதை அவிழ்க்க உட்கார்ந்துவிடுவார். பிறகு நடப்பது கோனார் உரை: எறும்பு என்றால் இது, கடல் என்றால் அது. விளக்கவே கூடாது என்று எடுத்த படத்துக்கு அப்படியோர் உரை.

இசையில் இதற்கு ஒரு வசதி உண்டு. அன்று கிராமபோனில் புனுவெல் மாற்றி மாற்றிப் போட்டது வாக்னரின் 'திரிஸ்தானும் இசோல்டும்' ஓபெராவும் அர்ஜென்டினா டாங்கோவும். 1960-இல் அவர் மேற்பார்வையிலேயே அதே கலவையில் ஒலித்தடம் சேர்த்தார்கள். அந்தப் பிரதி கிடைத்தால் வேறு எதுவும் வேண்டாம்.

இது யாருக்குச் சரி? தனியாகப் பார்ப்பவருக்கு. இரண்டாவது படமாகப் பார்ப்பவருக்கு. சினிமா எடிட்டிங் படிப்பவருக்கு முதல் படமாகவே சரி.

## ஆந்த்ராக்ட்: சிரித்துக்கொண்டே உள்ளே போவதற்கு

பெயரின் அர்த்தமே இடைவேளைதான். நம் ஊர் தியேட்டரில் இடைவேளை என்றால் பப்ஸ், டீ, பாத்ரூம் வரிசை. 1924-இல் பாரிஸின் ஷான்ஸ் எலிசே தியேட்டரில் 'ரெலாஷ்' என்ற பாலே நிகழ்ச்சியின் நடுவில் காட்டுவதற்காகவே இந்தப் படத்தை எடுத்தார்கள். ரெலாஷ் என்ற சொல்லுக்கு 'இன்று காட்சி கிடையாது' என்று பொருள். தியேட்டர் வாசலில் மாட்டும் பலகையில் இருக்கும் வார்த்தை. நவம்பர் 27 அன்று முதல் காட்சிக்கு வந்த கூட்டம் பார்த்தால், நிஜமாகவே காட்சி இல்லை. முக்கிய நடனக்காரர் ஜான் போர்லினுக்கு உடம்பு சரியில்லை. பிக்காபியா வேண்டுமென்றே செய்த கூத்து என்றே பலர் நினைத்தார்கள். டிசம்பர் 4 அன்றுதான் திரை விலகியது.

படத்தின் முதல் துண்டு பாலேயின் தொடக்கத்தில் வந்தது. ஒரு கூரைமேல் பீரங்கி. அதைச் சுற்றி இரண்டு பெரிய மனிதர்கள் ஸ்லோ மோஷனில் துள்ளித் துள்ளி வருகிறார்கள். ஒருவர் பிக்காபியா, குடையும் தொப்பியும் தாடியுமாக இருப்பவர் இசையமைப்பாளர் எரிக் சாத்தி. பீரங்கியை நம்மைப் பார்த்தே சுடுகிறார்கள். சாத்திக்கு அப்போது ஐம்பத்தெட்டு வயது. அடுத்த ஜூலையில் இறந்துபோனார். அந்தத் துள்ளலில் அதெல்லாம் தெரியாது. பள்ளிக்கூடம் விட்ட பையன் மாதிரி இருப்பார்.

அப்புறம் வருவதெல்லாம் திருவிழாதான். கலைஞர்கள் மார்செல் துஷாம்பும் மான் ரேயும் கூரை விளிம்பில் சதுரங்கம் ஆடுகிறார்கள், தண்ணீர் பீய்ச்சி அடித்து ஆட்டத்தையே கலைக்கிறது. கண்ணாடித் தரைக்குக் கீழிருந்து ஒரு பாலே நடனக்காரியைக் காட்டுகிறார்கள். பாவாடை பூப்போல விரிந்து சுருங்குகிறது. கேமரா மெல்ல மேலே போய் முகத்தைக் காட்டினால் மூக்குக்கண்ணாடி போட்ட தாடிக்காரர். நீரூற்றின் மேல் தீக்கோழி முட்டை ஆடுகிறது, வேட்டைக்காரன் குறிபார்க்கிறான், முட்டையிலிருந்து புறா வருகிறது, அந்த வேட்டைக்காரனை வேறொருவர் சுட்டுவிடுகிறார்.

பிறகு அவனுடைய சவ ஊர்வலம். படத்தின் உயிர் இதில்தான் இருக்கிறது. பிணவண்டியை இழுப்பது ஒட்டகம். பின்னால் கறுப்புக் கோட்டும் தொப்பியும் அணிந்த கனவான்கள் ஸ்லோ மோஷனில் காலைத் தூக்கித் தூக்கித் தாவுகிறார்கள். வண்டியில் தொங்கும் மலர்வளையத்தைப் பிய்த்து ஒருவர் தின்கிறார். அங்கே அது ரொட்டி. ஒரு பொழுதுபோக்குப் பூங்காவில் இருக்கும் குட்டி ஈஃபில் கோபுரத்தைச் சுற்றி வருகிறது ஊர்வலம். திடீரென்று வண்டி ஒட்டகத்திடமிருந்து கழன்று தானாக ஓடத் தொடங்குகிறது. துக்கத்துக்கு வந்தவர்கள் துரத்துகிறார்கள். நடை ஓட்டமாகிறது. கால் இல்லாமல் சிறு வண்டியில் உட்கார்ந்து வந்தவர் பொறுமையிழந்து எழுந்து ஓடுகிறார். மரம், சாலை, ரோலர் கோஸ்டர் எல்லாம் சுழல்கின்றன. கடைசியில் பெட்டி வயலில் விழுந்து திறக்க, செத்தவன் மந்திரவாதியாக எழுந்து எல்லோரையும் கோலால் தொட்டு மறைக்கிறான், தன்னையும்.

இதைக் கூட்டத்தோடு பார்க்க வேண்டும். சாவு வீட்டில் வரக் கூடாத சிரிப்பை அடக்கிய அனுபவம் யாருக்குத்தான் இல்லை? ஒருவர் சிரிக்கத் தொடங்கினால் போதும், "இதுக்கு என்ன அர்த்தம்?" என்ற கேள்வியை அறையே மறந்துவிடும். சிரிக்கிறவன் அர்த்தம் கேட்க மாட்டான். அந்தலூசிய நாய் பார்வையாளரைக் கழுத்தைப் பிடித்து உள்ளே தள்ளும் இடத்துக்கு, இந்தப் படம் கையைப் பிடித்து ஓடவிட்டே கூட்டிப்போய்விடுகிறது. டைட்டில் கார்டு படிக்கும் வேலையும் கிடையாது.

சாத்தியின் இசை இன்னொரு லாபம். காட்சிகளின் கால அளவை க்ளேரிடம் கேட்டு வாங்கி, ஷாட் ஷாட்டாக எழுதினார். சின்னச் சின்ன இசைத்துண்டுகள், காட்சி மாறும்வரை திரும்பத் திரும்ப வரும். ஊர்வலக் காட்சியில் ஷோப்பானின் சவ ஊர்வல இசையைக் கேலிக்கு இழுத்திருப்பார். 1967-இல் அந்த இசையைப் பதிவு செய்து படத்தோடு சேர்த்தார்கள்.

மறைந்திருக்கும் செலவு என்னவென்றால், இதை மட்டும் பார்த்துவிட்டு சர்ரியலிசம் என்பது வேடிக்கை என்று நினைத்து வீட்டுக்குப் போகிற ஆபத்து. இருட்டான பக்கம் இதில் கிடையாது. கனவு உண்டு, கெட்ட கனவு இல்லை. லேப்டாப்பில் தனியாகப் பார்த்தால் நடுவில் ஐந்து நிமிடம் இழுப்பது போலவும் தோன்றும்.

## நட்சத்திர மீன்: கவிதை வாசிப்பவருக்கு

மான் ரே அமெரிக்கர், பாரிஸில் குடியேறிய புகைப்படக்காரர். ரோபேர் தெஸ்னோஸ் எழுதிய கவிதையை வைத்து இதை எடுத்தார். நடித்தவர் 'மோன்பர்னாஸின் கிகி' என்று பாரிஸில் பெயர் பெற்ற மாடல். படத்தின் பெரும்பகுதி தெளிவில்லாமல் இருக்கும். பிரதி கெட்டுப்போய்விட்டது என்று நினைத்து நான் முதல்முறை நிறுத்தி, வேறொன்றைத் தரவிறக்கினேன். அதுவும் அப்படியே இருந்தது. பிறகுதான் தெரிந்தது, எடுத்ததே அப்படித்தான். லென்ஸ் முன் ஜெலட்டின் தடவிய கண்ணாடி. கிகி உடை களையும் காட்சியைத் தணிக்கையிலிருந்து காப்பாற்ற வந்த யோசனை, படத்தின் முகமாகவே ஆகிவிட்டது. மழை வழியும் ஜன்னலுக்கு அந்தப் பக்கம் யாரோ இருவர் காதலிப்பதைப் பார்ப்பது போல இருக்கும். ஆணும் பெண்ணும் அறைக்குப் போகிறார்கள், அவள் படுக்கிறாள், அவன் விடைபெற்றுப் போய்விடுகிறான். ஜாடிக்குள் ஒரு நட்சத்திர மீன்.

சிக்கல் டைட்டில் கார்டில்தான். இங்கே கார்டுகள் விளக்கம் சொல்வதில்லை, அவை கவிதை வரிகள். "பெண்களின் பற்கள் எவ்வளவு வசீகரமான பொருட்கள்" என்று ஒரு வரி வரும். அந்த நேரத்தில் அவள் காலுறையைச் சரிசெய்துகொண்டிருப்பாள். அதோடு சிலேடைகள் வேறு. 'எவ்வளவு அழகு' என்பதற்குப் பிரெஞ்சில் 'சி பெல்'. அதே ஒலியில் 'சிபெல்' ஒரு பழைய தாய்த்தெய்வம். இரும்பைச் சூடாக இருக்கும்போதே அடி என்ற அவர்கள் பழமொழியை, பிணத்தைக் குளிர்ந்திருக்கும்போதே அடி என்று திருப்பிவிடுகிறார் தெஸ்னோஸ். ஆங்கிலச் சப்டைட்டிலில் இதெல்லாம் எவ்வளவு வந்து சேரும்? காளமேகத்தின் சிலேடை வெண்பாவை மொழிபெயர்ப்பில் படிக்கிற கதைதான். திரையிடுகிறவர் முன்கூட்டியே வரிகளைத் தமிழில் எழுதி, அரைப் பக்கம் அச்செடுத்துக் கொடுத்தால் நன்று. ஒரு மணி நேர வேலை. அதை யாரும் கணக்கில் எடுப்பதில்லை.

சங்கப் பாடல்களில் பழக்கம் உள்ளவர்களுக்கு இந்தப் படம் சட்டென்று பிடித்துப்போவதைப் பார்த்திருக்கிறேன். ஒரு பொருளை இன்னொன்றின் பக்கத்தில் வைத்துவிட்டுச் சும்மா இருப்பது அவர்களுக்குப் புதிதில்லை. மற்றவர்களுக்கு முதல் படமாக வேண்டாம். அரைகுறை வெளிச்சமுள்ள வகுப்பறையில் இந்த மங்கல் படம் முழுக்க மங்கிப்போகும். ஜன்னலுக்குத் திரைச்சீலை இல்லாவிட்டால் பட்டியலிலிருந்தே எடுத்துவிடுங்கள்.

## சிப்பியும் பாதிரியும்: முன்னால் வந்தது, பின்னால் தள்ளப்பட்டது

முதல் சர்ரியலிசப் படம் என்ற பட்டத்தை அந்தலூசிய நாய்க்கு வழக்கமாகக் கொடுப்பார்கள். அதற்குப் பதினாறு மாதம் முன்பே, 1928 பிப்ரவரி 9 அன்று, அதே உர்சுலின் தியேட்டரில் இந்தப் படம் திரையிடப்பட்டுவிட்டது. இயக்கியவர் ஒரு பெண்.

கதை எழுதியவர் கவிஞரும் நடிகருமான அந்தோனின் ஆர்த்தோ. தானே நடிக்கவும் நினைத்தார், ஆனால் அவர் நடித்துக்கொண்டிருந்த, இயக்குநர் டிரையரின் ஜோன் ஆஃப் ஆர்க் படப்பிடிப்பு குறுக்கே வந்தது. தன் கதை ஒரு கனவின் நகல் இல்லை என்று அவர் சொல்லிக்கொண்டிருக்க, கனவுப் படம் என்றே விளம்பரமானது. கோபம் வளர்ந்து, முதல் காட்சியில் ஆர்த்தோவின் நண்பர்கள் துலாக்கைத் திட்டிக் கூச்சல் போட்டார்கள். பிரிட்டிஷ் தணிக்கைக் குழு தடை செய்தபோது எழுதிய காரணம் இன்னும் பிரபலம்: படம் கிட்டத்தட்ட அர்த்தமே இல்லாத அளவுக்குப் பூடகமாக இருக்கிறது, அர்த்தம் ஏதாவது இருந்தால் அது ஆட்சேபத்துக்குரியதாகத்தான் இருக்கும். இதைவிட நல்ல விளம்பரத்தை யார் எழுதிக்கொடுப்பார்கள்?

ஒரு பாதிரி. ஒரு தளபதி. ஒரு பெண். பாதிரி சிப்பியிலிருந்து திரவத்தைக் குடுவைகளில் ஊற்றி, ஒவ்வொன்றாகக் கீழே போட்டு உடைக்கிறான். தளபதி வந்து சிப்பியை வாளால் வெட்டுகிறான். பிறகு பாதிரி பாரிஸ் தெருவில் நான்கு காலில் தவழ்ந்து போகிறான். அவன் கோட்டின் வால் நீண்டுகொண்டே போகிறது, ஒரு முகம் இரண்டாகப் பிளக்கிறது, பெண்ணின் மார்புக் கச்சு கையில் வந்ததும் சிப்பியாகிறது. சாவி, கதவு, நீளமான நடைபாதை, மறுபடி சாவி. ஒரே ஏக்கம் ஒரே இடத்தில் சுற்றுகிறது.

நான்கில் மிக நேர்த்தியான ஒளிப்பதிவு இதுதான் என்பது என் கட்சி. ஒரு பிம்பத்தின் மேல் இன்னொன்றை ஏற்றும் உத்தி இதில் வித்தைக்காக வரவில்லை. அந்த ஆளின் மனம் ஒரு பொருளை விட்டு இன்னொன்றுக்கு வழுக்கும் வழியே அதுதான். ஆனால் சுமார் நாற்பது நிமிடம். சிரிப்பு கிடையாது, பெரிய அதிர்ச்சியும் கிடையாது. இருபதாவது நிமிடத்தில் நாற்காலிகள் கிறீச்சிடத் தொடங்கும், செல்போன் வெளிச்சம் அங்கங்கே எட்டிப் பார்க்கும். படத்தோடு நிரந்தரமாகச் சேர்ந்த ஓர் இசையும் இதற்கு இல்லை. ஆளாளுக்கு ஒன்றைப் போட்டிருக்கிறார்கள், எதைத் தேர்ந்தெடுக்கிறீர்களோ அதுதான் நீங்கள் பார்க்கும் படம்.

மற்ற மூன்றையும் பார்த்தவருக்கு, அல்லது பெண் இயக்குநர்களின் வரலாறு படிக்கிறவருக்கு, இதைத் தவறவிடக் கூடாது.

## ஒரே பார்வையில்

| | ஆந்த்ராக்ட் | சிப்பியும் பாதிரியும் | நட்சத்திர மீன் | அந்தலூசிய நாய் |
|---|---|---|---|---|
| நீளம் (சுமார்) | 20–22 நிமிடம் | 40 நிமிடம் | 15–17 நிமிடம் | 16–21 நிமிடம் |
| கூட்டத்தில் | கலகலப்பு | பொறுமை போகும் | இருட்டு அறை அவசியம் | பதற்றம் |
| தனியாக | சற்று இழுக்கும் | நன்று | மிக நன்று | மிக நன்று |
| டைட்டில் கார்டு | தேவையே இல்லை | தொல்லை இல்லை | மொழிபெயர்ப்பு அவசியம் | சில, எளியவை |
| இசை | சாத்தி எழுதியது | நீங்கள்தான் தேட வேண்டும் | நீங்கள்தான் தேட வேண்டும் | வாக்னர், டாங்கோ |
| சங்கடம் | இல்லை | கொஞ்சம் | மங்கலான நிர்வாணம் | கண், வன்முறை, நிர்வாணம் |

## பிரதியில் ஏமாறும் இடங்கள்

அந்தலூசிய நாய்க்கு 16 நிமிடம் என்றும் 21 நிமிடம் என்றும் இரண்டு கணக்கு வருவதைப் பார்த்து, ஏதோ வெட்டிவிட்டார்கள் என்று பயப்பட வேண்டாம். மௌனப்பட காலத்தில் நொடிக்கு 16, 18, 20 ஃபிரேம் என்று பலவிதமாக ஓட்டினார்கள். பேசும்படம் வந்த பிறகுதான் 24 என்று நிலைத்தது. பழைய படத்தை அப்படியே 24-இல் ஓட்டினால் எல்லோரும் கோழி மாதிரி விரசாக நடப்பார்கள். ஆந்த்ராக்டில் இதனால் ஒரு நஷ்டம் உண்டு. ஸ்லோ மோஷன் ஊர்வலம் எவ்வளவு மெதுவாகத் தெரிகிறதோ, அதன்பின் வரும் ஓட்டம் அவ்வளவு வேகமாகத் தெரியும். பிரதி அவசரப்பட்டால் அந்த வித்தியாசம் கரைந்துவிடும். முன்கூட்டியே அந்த ஒரு நிமிடத்தை மட்டும் ஓட்டிப் பாருங்கள்.

இசையில் இன்னொரு பொறி. படம் நூறு ஆண்டு பழசாக இருக்கலாம், அதோடு ஒட்டிய இசை போன வருஷம் யாரோ ஒருவர் வாசித்ததாக இருக்கும். அதற்கு உரிமை தனி. டிக்கெட் போட்டுக் காட்டுவதாக இருந்தால் இதைக் கேட்டுக்கொள்ளாமல் செய்யாதீர்கள். இணையத்தில் எடுத்த ஒரு நட்சத்திர மீன் பிரதியில் யாரோ கல்யாண வீடியோவுக்குப் போடுகிற மாதிரி பியானோவை ஏற்றியிருந்தார்கள். பாதியில் ஒலியை நிறுத்திவிட்டேன். மின்விசிறி சத்தம் மட்டும் கேட்டது. உண்மையைச் சொன்னால் அதுவே தேவலாம்.

## அப்படியானால் அந்தத் தம்பிக்கு?

தொண்ணூறு நிமிடம் இருக்கிறதே, நான்கையும் வரிசையாகப் போட்டுவிடலாமே என்றும் கேட்டார். கூட்டிப் பார்த்தால் கிட்டத்தட்ட அடங்கும்தான். ஆனால் மூன்றாவது படத்தில் பிம்பங்கள் ஒன்றோடொன்று குழம்பத் தொடங்கும். எந்தப் பாதிரி எந்தப் படத்தில் வந்தார் என்றே தெரியாது.

நான் சொன்ன வரிசை இது. முதலில், கூட்டம் வந்து உட்காரும்வரை, ஹான்ஸ் ரிக்டர் 1928-இல் ஜெர்மனியில் எடுத்த 'காலை உணவுக்கு முன் பேய்கள்'. பத்து நிமிடம்கூட இல்லை. தொப்பிகள் தலைகளை விட்டுப் பறந்து ஊர் சுற்றிவிட்டு, கடிகாரம் பன்னிரண்டு அடிக்கும்போது திரும்புகின்றன. தாமதமாக வருகிறவருக்கும் நஷ்டமில்லை. இசையமைப்பாளர் ஹிண்டமித் எழுதிய இசையோடு இருந்த பிரதியை நாஜிகள் அழித்துவிட்டதால் இதற்கு மூல இசை கிடையாது. அடுத்தது ஆந்த்ராக்ட், சாத்தியின் இசையோடு. முடிந்ததும் விளக்கைப் போட்டு ஒரு டீ. யாரும் விளக்கவுரை ஆற்ற வேண்டாம். இஷ்டமுள்ளவர்கள் பேசிக்கொள்ளட்டும். டீக்குப் பிறகு, இருக்க விரும்புகிறவர்களுக்கு மட்டும் அந்தலூசிய நாய். சிரித்துப் பழகிய கூட்டம் கண் காட்சியைத் தாண்டியும் பார்க்கும், "பதினாறு ஆண்டுகளுக்கு முன்" கார்டுக்கு நிச்சயம் ஒரு சிரிப்பு வரும்.

வீட்டில் தனியாகப் பார்க்கிறவர் இந்த வரிசையை மறந்துவிட்டு அந்தலூசிய நாயிலேயே தொடங்கலாம். ஆனால் ஒரே இரவில் இரண்டு முறை பாருங்கள். முதல் தடவை கண்ணுக்கு, இரண்டாம் தடவை படத்துக்கு. கவிதை எழுதும் நண்பருக்கு நட்சத்திர மீன், விளக்கையெல்லாம் அணைத்துவிட்டு. ஓவிய மாணவிக்குச் சிப்பியும் பாதிரியும்தான் சொன்னேன். நாற்பது நிமிடத்தைத் துண்டு துண்டாக நிறுத்திப் பார்க்க அவருக்குப் பொறுமை உண்டு.

தம்பி கடைசியாக ஒன்று கேட்டார். அது கன்றுக்குட்டியின் கண் என்று முன்னாலேயே சொல்லிவிடவா, பின்னால் சொல்லவா? பின்னால்தான். ஆனால் தொடக்கத்திலேயே கத்தி வரும் காட்சி ஒன்று இருக்கிறது, வேண்டாதவர்கள் முதல் இரண்டு நிமிடம் வெளியே நின்றுவிட்டு வரலாம் என்று கட்டாயம் சொல்லிவிடுங்கள் என்றேன். அப்புறம் முக்கியமாக, அறைக் கதவைத் தாழ் போட வேண்டாம்.